ஊசி அம்புக்குறியில் நிற்க வேண்டும்

விட்டாஃபோன் என்பது வார்னர் பிரதர்ஸ் ஸ்டுடியோ படச்சுருளோடு சேர்த்து ஓட்டிய ஒலித்தட்டு முறை. அந்தத் தட்டின் அகலம் 16 அங்குலம். வீட்டு கிராமபோனுக்கு வந்த 10 அங்குலத் தட்டுக்குப் பழகிய கைக்கு இது ஒரு தாம்பாளம். ஒலி ஒரு பக்கத்தில் மட்டும்தான். ஊசியை வெளி ஓரத்தில் வைக்கக் கூடாது. லேபிளை ஒட்டி உள்ளே ஓர் அம்புக்குறி இருக்கும், அதன் நுனியில் வைக்க வேண்டும். தட்டு சுற்றச் சுற்ற ஊசி உள்ளிருந்து வெளியே நகர்ந்து வரும்.

1926 முதல் சில ஆண்டுகள் அமெரிக்கத் தியேட்டர்களில் நடன வாத்தியக் குழுக்களின் குறும்படங்கள் இப்படித்தான் பாடின. ஒரு ரீல் படம், ஒரு தட்டு ஒலி, பத்து நிமிடத்துக்குள் மூன்று நான்கு உருப்படிகள். இன்று இணையத்தில் இவற்றைப் பார்க்கிறவர்கள் பலர் ‘கேமரா ஏன் ஆணி அடித்தது போல் நிற்கிறது, இவர்கள் ஏன் இடத்தை விட்டு அசையவே மாட்டேன் என்கிறார்கள்’ என்று அலுத்துக்கொண்டு பாதியில் மூடிவிடுகிறார்கள். அது பெரிய நஷ்டம். இந்த வகைப் படங்களைப் பார்க்க ஒரே ஒரு கேள்வி போதும்: முதலில் பதிவானது ஒலியா, படமா, இல்லை இரண்டும் ஒரே மூச்சிலா? சட்டகத்துக்குள் தெரியும் அத்தனைக்கும் காரணம் அந்தப் பதிலில் இருக்கிறது.

முதலில் ஆபரேட்டர் அறையைப் பார்த்துவிடலாம். படச்சுருளின் தலைப்பில் ‘ஸ்டார்ட்’ என்று குறித்த ஒரு பிரேம் இருக்கும். அதை புரொஜெக்டரின் ‘கேட்’ என்ற சட்டத்துக்குள், லென்ஸுக்கு நேராக வைக்க வேண்டும். தட்டைச் சுழல்மேடையில் வைத்துப் புதிய எஃகு ஊசி மாட்டி, அம்புக்குறியில் இறக்க வேண்டும். படமும் தட்டும் ஒரே மோட்டாரில் பூட்டியவை. அதனால் கிளம்பும்போது சரியாகக் கிளம்பிவிட்டால் ரீல் முடியும்வரை சேர்ந்தே ஓடும். படம் நொடிக்கு 24 பிரேம், நிமிடத்துக்கு 90 அடி. தட்டு நிமிடத்துக்கு 33⅓ சுற்று. இந்த 33⅓ சும்மா வந்த எண் அல்ல. 1000 அடி ரீல் ஓட 11 நிமிடம் ஆகும். நிமிடத்துக்கு 78 சுற்று வேகத்தில் 12 அங்குலத் தட்டின் ஒரு பக்கம் நாலைந்து நிமிடத்தைத் தாண்டாது. ரீல் முடியும்வரை ஒரே தட்டு தாங்க வேண்டுமென்றால் தட்டு பெரிதாக வேண்டும், சுற்று மெதுவாக வேண்டும். இரண்டையும் செய்தார்கள். பிற்பாடு வந்த, நீண்ட நேரம் ஓடும் எல்.பி. இசைத்தட்டுக்கும் அதே வேகம்தான்.

உள்ளிருந்து ஏன் தொடங்க வேண்டும்? தட்டு ஒரே வேகத்தில் சுற்றுகிறது. உள்வட்டம் சிறியது, வெளிவட்டம் பெரியது. ஒரு சுற்றுக்குரிய 1.8 நொடி ஒலியை உள்ளே குறைந்த நீளத்துக்குள் நெருக்கி எழுதியிருக்கும். அந்த நெருக்கத்தைப் படிக்கக் கூர்மையான ஊசி தேவை. எஃகு ஊசியோ ஓட ஓடத் தேயும். புது ஊசி கடினமான உள்வட்டத்தில் தொடங்கி, மழுங்கியபின் இடம் தாராளமாக உள்ள வெளிவட்டத்துக்கு வந்து சேர்ந்தால், கடைசி உருப்படியின் பித்தளை வாத்தியங்கள் கரகரக்காமல் தப்பிக்கும். ஒரு ஊசிக்கு ஒரே ஓட்டம். மிச்சம் பிடிக்க இரண்டாம் முறை போட்டவர்கள் தட்டையே பாழாக்கினார்கள். தட்டுக்கும் ஆயுள் உண்டு. லேபிளில் சின்னச் சின்னக் கட்டங்கள் அச்சடித்திருப்பார்கள். ஒவ்வொரு காட்சிக்கும் ஆபரேட்டர் ஒரு கட்டத்தில் குறி போட வேண்டும். 20 முதல் 24 முறை ஓடியதும் தட்டைக் கழித்துவிட்டுப் புதியது மாட்ட வேண்டும்.

பிசகுவதற்கு வழிகள் நிறைய. ஊசி ஒரு வரிப்பள்ளத்தைத் தாண்டிக் குதித்தால் ஒலி 1.8 நொடி முன்னே போய்விடும். படக்கணக்கில் அது 43 பிரேம், கிட்டத்தட்ட 2.7 அடி சுருள். டிரம்பெட்காரர் வாத்தியத்தை இறக்கி மடியில் வைத்தபின் படத்தில் சாக்ஸபோன் வரிசை எழும். அரங்கில் கேட்பதோ அதற்கும் அடுத்த வரி. ரீல் முடியும்வரை அது தானாகச் சரியாகாது. படம் அறுந்தால் இன்னும் கொடுமை. மௌனப்பட காலத்தில் அறுந்த இடத்தில் நாலு பிரேமை வெட்டி ஒட்டிவிட்டுப் போய்க்கொண்டிருந்த ஆபரேட்டர்கள், இங்கே வெட்டிய அதே எண்ணிக்கைக்குக் கறுப்புப் பிரேம் சேர்த்து ஒட்ட வேண்டியிருந்தது. எண்ணாமல் ஒட்டினால் அந்தப் பிரிண்ட் அதன்பின் ஓடும் ஒவ்வொரு ஊரிலும் உதடும் பாட்டும் பிரிந்தே நிற்கும். தட்டும் ரீலும் வேறு வேறு டப்பாக்களில் பயணம் செய்தன. ஒன்று வந்து மற்றது வராமல் போவதும், ஒரு குழுவின் படத்துக்கு வேறொருவரின் தட்டு ஓடுவதும் அந்த ஏற்பாட்டிலேயே அடங்கியிருந்த ஆபத்து.

இத்தனை தொல்லையைத் தாங்கி ஏன் வாத்தியக் குழுக்களைப் படம் பிடித்தார்கள்? வார்னர் பிரதர்ஸ் தொடக்கத்தில் நினைத்தது பேசும் படத்தை அல்ல. பெரிய நகரத்துத் தியேட்டரில் மேடைக்கு முன் பள்ளத்தில் அமர்ந்து வாசித்த இசைக்குழுவை, சின்ன ஊர்க் கொட்டகைக்கும் தட்டில் அனுப்ப முடியும் என்பதே கணக்கு. 1926 ஆகஸ்ட் 6 அன்று நியூயார்க்கில் நடந்த முதல் விட்டாஃபோன் காட்சியில், முழுநீளப் படத்துக்கு முன்னால் ஒரு வரிசைக் குறும்படங்கள் ஓடின. நியூயார்க் ஃபில்ஹார்மோனிக் இசைக்குழு அதில் வாசித்தது. சிம்பொனியும் ஆபராவும் வந்த வழியே சீக்கிரத்தில் நடன பேண்டுகளும் வந்தன. பள்ளத்தில் அமர்ந்து வாசித்த கலைஞர்கள் ஆயிரக்கணக்கில் வேலை இழந்தார்கள். டப்பாவில் அடைத்த இசை வேண்டாம் என்று அவர்களுடைய சங்கம் பத்திரிகைகளில் விளம்பரம் கொடுத்துப் போராடியதும் பலிக்கவில்லை. இந்தப் படங்களின் பளபளப்பை ரசிக்கும்போது அந்தக் காலி நாற்காலிகளையும் சேர்த்தே நினைக்க வேண்டியிருக்கிறது.

படப்பிடிப்புக்கு வருவோம். முதல் குறும்படங்கள் பல நியூயார்க்கின் மன்ஹாட்டன் ஆபரா ஹவுஸில் எடுக்கப்பட்டவை. அருகே சுரங்க ரயிலுக்குப் பாறை வெடித்துக்கொண்டிருந்தார்கள், அந்த அதிர்வு பதிவுக்குள் புகுந்தது. ஒலி நேரடியாகத் தடித்த மெழுகுத் தட்டில் வெட்டப்பட்டது. ஒரே நேரத்தில் இரண்டு மெழுகு. ஒன்றை உடனே போட்டுக் கேட்பார்கள். மெழுகு மென்மையானது, ஒருமுறை ஊசி ஓடினாலே கெட்டுவிடும். மற்றதைத் தொடாமல் அச்சு எடுக்க அனுப்புவார்கள். மெழுகை வெட்டி ஒட்ட முடியாது. ஒன்பதாவது நிமிடத்தில் பாஞ்ஜோக்காரர் ஒரு தந்தியைப் பிசகி மீட்டினால், புது மெழுகு வைத்து முதலிலிருந்து. கீழ்ஸ்தாயிச் சத்தம் அதிகமானால் வெட்டும் ஊசி அகலமாக ஆடிப் பக்கத்து வரியை உடைத்துவிடும் என்பதால், பெரிய டிரம்மை அடக்கியே வாசிக்க வேண்டியிருந்தது.

ஒலியை வெட்ட முடியாது என்றால் படத்தையும் தனியாக எடுக்க முடியாது. எனவே மூன்றோ அதற்கு மேலோ கேமராக்கள் ஒரே நேரத்தில் ஓடின. கேமரா மோட்டாரின் இரைச்சல் மைக்குக்குப் போகாமலிருக்க ஒவ்வொரு கேமராவையும், அதை இயக்குபவரையும் சேர்த்து, கண்ணாடி ஜன்னல் வைத்த பெட்டிக்குள் அடைத்தார்கள். உள்ளே காற்று இல்லை, வெளியே விளக்குகளின் சூடு. ஆர்க் விளக்குகள் சீறும் என்பதால் இழைபல்புகளுக்கு மாறியிருந்தார்கள், அவை கக்கிய வெப்பமும் குறைவில்லை. ஒரு கேமராவில் முழு மேடை, இன்னொன்றில் பாதி, மூன்றாவதில் நெருக்கக் காட்சி. எடிட்டர் இந்த மூன்றுக்கும் இடையே தாவலாம், ஆனால் ஒரு பிரேம்கூட நீளத்தைக் குறைக்கவோ கூட்டவோ கூடாது. தட்டு அதை மன்னிக்காது.

கேமரா அசையாததற்கும், வெட்டு எப்போதும் அதே மூன்று கோணங்களுக்குள் சுற்றுவதற்கும் காரணம் இதுதான். இந்தச் சிறைக்குப் பலனும் உண்டு. நீங்கள் பார்க்கும் விரல்தான் நீங்கள் கேட்கும் சுரத்தை வாசித்த விரல். கிளாரினெட்காரர் மூச்சு எடுக்கத் தோளைத் தூக்கும் இடத்தில் இசையிலும் அந்த இடைவெளி விழும். 1920-களின் நடன பேண்டு ஒன்று எப்படி அமர்ந்தது, ஊதுகுழலின் வாயில் எந்த வகை மூடியை எந்த நொடியில் வைத்தார்கள், வயலின் வில்லாலேயே தலைவர் தாளத்தை எப்படிக் காட்டினார் என்பதற்கு இதைவிட நம்பகமான சாட்சி கிடையாது. நம் தமிழ்ப் பேசும்படங்களின் ஆரம்ப ஆண்டுகளில் பாடத் தெரிந்தவரே நடிகராக, அதே இடத்தில் பாடி, அதே இடத்தில் பதிவானார்கள் அல்லவா, அந்த வகை உண்மை இது.

இதே காலத்தில் ஒலியைப் படச்சுருளிலேயே, ஓரத்தில் ஒரு கோடாக எழுதும் முறையும் வளர்ந்தது. 1929-ல் ஆர்.கே.ஓ. ஸ்டுடியோ வெளியிட்ட ‘பிளாக் அண்ட் டேன்’ அந்த வகை. இரண்டு ரீல், ஏறக்குறைய 19 நிமிடம், இயக்கம் டட்லி மர்ஃபி. ஜாஸ் இசையமைப்பாளர் டியூக் எலிங்டனும், நியூயார்க்கின் காட்டன் கிளப்பில் வாசித்த அவருடைய குழுவும் திரையில் தோன்றிய முதல் படம். கதை என்று ஒரு சின்னக் கதை இருக்கிறது. தவணை கட்டாததால் பியானோவைத் தூக்கிப் போக இருவர் வருகிறார்கள். நடிகை ஃப்ரெடி வாஷிங்டன் ஏற்ற நடனக்காரி வேடத்துக்கு இதயநோய். ஆடக் கூடாது, ஆனால் குழுவுக்கு வேலை கிடைக்க ஆடுகிறாள், விழுகிறாள். பியானோ தூக்க வரும் இருவரையும் எழுத்தறியாத, ஜின் பாட்டிலுக்கு மயங்கும் கோமாளிகளாக எழுதியிருப்பது இன்று பார்க்க வலிக்கிறது. அன்றைய ஸ்டுடியோக்கள் கறுப்பினத்தவர்களை எப்படி எழுதின என்பதற்கு அது சான்று. அதே படம் எலிங்டனைக் கண்ணியமான இசையமைப்பாளராக, தன் அறையில் டிரம்பெட்காரர் ஆர்தர் வெட்சலுடன் உட்கார்ந்து ஒரு புது உருப்படியைச் செதுக்குபவராகக் காட்டுகிறது. அந்தக் காலத்துத் திரையில் இது அரிது.

கிளப் காட்சியைத்தான் மெதுவாகப் பார்க்க வேண்டும். தரை கண்ணாடி போல மின்னுகிறது. ஐந்து ஆண்கள் உயரவாரியாக ஒருவர் முதுகில் ஒருவர் ஒட்டி நின்று, ஒரே உடல் போல அடி வைக்கிறார்கள். தரையில் அவர்களுடைய தலைகீழ் நிழல் அதே அடியை வைக்கிறது. காலின் சத்தமும் பாட்டின் தாளமும் ஒன்றாக விழுகின்றன. நடனக்காரிக்கு மயக்கம் வரும்போது லென்ஸுக்கு முன் முப்பட்டகம் வைத்து எடுத்த பிம்பம் வருகிறது, குழு ஐந்தாறாகப் பிரிந்து சுழல்கிறது. பெட்டிக்குள் அடைபட்ட கேமராவால் நகர முடியாதபோது லென்ஸுக்கு முன்னாலேயே நகர்வை உண்டாக்கியிருக்கிறார் மர்ஃபி. கடைசியில் அவளுடைய மரணப்படுக்கையைச் சுற்றி நின்று குழு வாசிக்க, பாடகர்களின் நிழல் சுவரில் ஆட, எலிங்டனின் முகம் அவள் பார்வையிலிருந்து மங்கிப் போகிறது. 

ஒலி படச்சுருளுக்கே வந்ததும் ஊசி குதிக்கும் தொல்லை போனது, வேறொரு கணக்கு வந்தது. கேட்டில் படம் ஒவ்வொரு பிரேமாக நின்று நின்று போக வேண்டும். ஒலி படிக்கும் இடத்தில் அது வழுக்கிக்கொண்டே ஓட வேண்டும். ஒரே இடத்தில் இரண்டும் நடக்காது. அதனால் 35 எம்.எம். பிரிண்டில் ஒலியை அதற்குரிய படத்துக்கு 20 பிரேம் முன்னால் தள்ளி அச்சிடுகிறார்கள், 16 எம்.எம்.மில் 26 பிரேம். ஆபரேட்டர் கேட்டுக்கும் ஒலித்தலைக்கும் இடையே தளர்வாக விடும் சுருள் வளைவைப் பெரிதாக விட்டால் அந்தக் கணக்கு தவறும். ஒன்றிரண்டு பிரேம் தவறினால் பேச்சில் தெரியாது, டிரம் அடியில் உடனே தெரியும். குச்சி தோலில் பட்டபின்தான் காது கேட்கப் பழகியது. படுவதற்கு முன்னே கேட்டால் மனம் ஒப்பாது.

அடுத்த பெரிய மாற்றம், ஒலியை முதலில் பதிவுசெய்துவிட்டு, அதை ஒலிபெருக்கியில் போட்டு, அதற்கு வாசிப்பது போலக் குழுவை நடிக்க வைப்பது. கேமரா பெட்டியை விட்டு வெளியே வந்தது. கிரேனில் ஏறியது, ஊதுகுழல் வாய்க்குள்ளேயே போகப் பார்த்தது. 1936-ல் விட்டாஃபோன் என்ற பழைய பெயரிலேயே வார்னர் வெளியிட்ட ‘ஜிம்மி லன்ஸ்ஃபோர்ட் அண்ட் ஹிஸ் டான்ஸ் ஆர்க்கெஸ்ட்ரா’ இந்தப் பிற்காலத்தைச் சேர்ந்தது. தட்டு போய்விட்டது, பெயர் நின்றுவிட்டது. ஒரு ரீல்தான். இயக்கியவர் ஜோசஃப் ஹெனபெரி. மெம்ஃபிஸ் பள்ளியொன்றில் ஆசிரியராக இருந்து மாணவர்களை வைத்தே குழு தொடங்கிய லன்ஸ்ஃபோர்ட், கையில் கோலுடன் முன்னே நிற்கிறார். ஆல்டோ சாக்ஸபோன் வாசிக்கும் வில்லி ஸ்மித் எழுந்து ‘ரிதம் இஸ் அவர் பிசினஸ்’ பாடுகிறார். குழுவினரை அவரவர் வாத்தியத்தோடு அறிமுகப்படுத்தும் பாட்டு அது. அந்தக் குழுவின் முகங்களைத் தெரிந்துகொள்ள இதைவிட நல்ல வழி இல்லை. லன்ஸ்ஃபோர்ட் குழு என்றால் கூட்டு வாசிப்பின் ஒழுங்கு. சாக்ஸபோன் வரிசை ஒரே சுவாசத்தில் தொடங்கி ஒரே சுவாசத்தில் முடிக்கும். தனிவாசிப்பில் மயங்குகிறவர்கள் இந்தப் படத்தில் பின்வரிசையின் தோள்களையும் கவனிக்க வேண்டும்.

நேரடியா, நடித்ததா என்று கண்டுபிடிக்கச் சில வழிகள். டிரம்மரின் கையை முதலில் பாருங்கள். பாட்டைக் கேட்டுக்கொண்டே நடிக்கும்போது பலமாக அடித்தால் ஒலிபெருக்கி கேட்காது. அதனால் குச்சியைத் தோலுக்கு மேல் நிறுத்துவார், சிம்பல் சத்தமாகக் கேட்கும்போது படத்தில் அது ஆடாது. டிரம்பெட் ஊதுபவரின் கழுத்தைப் பாருங்கள். உச்ச சுரத்தில் கழுத்து விம்மாவிட்டால் காற்று போகவில்லை. தனிவாசிப்பில் விரல்கள் ஒத்துப்போகாமல் தடுமாறினால், தான் பதிவில் என்ன வாசித்தோம் என்பதையே அவர் நினைவுகூர முயல்கிறார் என்று பொருள். கற்பனைச் சுரம் இரண்டாம் முறை வராது. ஒலிபெருக்கி இருக்கும் தூரமும் கணக்கில் வரும். ஒலி நொடிக்கு ஏறத்தாழ 1,100 அடி போகும். ஒரு பிரேம் நேரத்தில் சுமார் 46 அடி. பெரிய அரங்கின் கடைசி வரிசையில் நிற்பவர் ஒரு பிரேம் தாமதமாகவே அசைவார்.

1940-களில் இந்த முறை ஒரு தொழிற்சாலை வேகத்துக்குப் போனது. சிகாகோவின் மில்ஸ் நாவல்டி நிறுவனம் ‘பானோராம்’ என்ற பெட்டியைச் செய்தது. பத்து சென்ட் போட்டால் மூன்று நிமிடப் படம் ஒன்று ஓடும். இந்தப் படங்களுக்கு ‘சவுண்டீஸ்’ என்று பெயர். ஒரு சுருளில் எட்டுப் படங்கள், முடிவில்லாத வளையமாகக் கட்டியிருக்கும். உங்கள் காசுக்கு எது வருகிறதோ அதுதான், தேர்ந்தெடுக்க முடியாது. பெட்டிக்குள் இடம் போதாததால் பிம்பத்தைக் கண்ணாடிகளில் பட்டுத் திரும்ப விட்டுப் பின்புறமிருந்து திரையில் விழ வைத்தார்கள். அதை ஈடுகட்டப் பிரிண்டையே இடவலமாக மாற்றி அச்சிட்டார்கள்.

இன்று கைக்குக் கிடைக்கும் பிரதிகள் பல அந்த மாற்றிய பிரிண்டிலிருந்து அப்படியே எடுத்தவை. இதைச் சோதிப்பது சுலபம். டிரம்பெட்டின் விசைகளை வலது கை அழுத்த வேண்டும், டிராம்போனின் நீட்டும் குழாயும் வலது கையில். சாக்ஸபோனில் இடது கை மேலே, வலது கை கீழே. ஆண்களின் கோட்டில் மார்புப் பை இடப்பக்கம். டிரம் செட்டை வைத்து முடிவு செய்யாதீர்கள், இடதுகைக்காரர்கள் உண்டு. குழு முழுவதும் இடதுகைக்காரர்களாக இருக்க முடியாது.

பழைய விட்டாஃபோன் பிரதிகளில் வேறு குறை தேடுங்கள். தட்டுக்காக எடுத்த படத்தில் ஒலிக்கோட்டுக்கு இடம் விட வேண்டியதில்லை, பிம்பம் சுருளின் அகலம் முழுவதும் பரவியிருந்தது. பிற்காலத்தில் அதிலிருந்து ஒலிக்கோடு சேர்த்துப் பிரதி எடுத்தபோது இடது ஓரம் காணாமல் போனது. தலைவர் நடுவில் நிற்காமல் இடப்பக்கம் ஒதுங்கி நிற்பது போலவும், இடக்கோடி வாத்தியக்காரர் பாதி முகத்தோடும் தெரிந்தால் காரணம் அதுவே. அன்றைய கேமராமேனைக் குறை சொல்லக் கூடாது. சுருதியையும் சோதியுங்கள். 24 பிரேமில் எடுத்ததை ஐரோப்பியத் தொலைக்காட்சிக்காக 25-ல் ஓட்டிப் பதிவு செய்திருந்தால், பத்து நிமிடப் படம் 9 நிமிடம் 36 நொடியில் முடிந்துவிடும், 440 ஹெர்ட்ஸ் சுரம் 458-க்கு ஏறிவிடும். பாடகியின் குரல் மெலிந்து கீச்சிடுவது போலத் தோன்றினால் வேகத்தை 96 சதவீதத்துக்குக் குறைத்துக் கேட்டுப் பாருங்கள். வேறு ஆளே பாடுவார்.

தட்டும் படமும் பிரிந்து போனதால் பல குறும்படங்கள் பாதி உயிரோடு கிடந்தன. ஆவணக் காப்பகத்தில் ஊமைச் சுருள் இருக்கும், அதன் தட்டு எங்கோ ஒரு பழைய கொட்டகையின் அடித்தளத்தில். 1991-ல் ரான் ஹட்சின்சனும் வேறு சில சேகரிப்பாளர்களும் விட்டாஃபோன் ப்ராஜெக்ட் என்ற அமைப்பைத் தொடங்கி, உலகம் முழுக்கச் சிதறிக் கிடந்த தட்டுகளைத் தேடிப் பட்டியலிட்டார்கள். அமெரிக்கக் காங்கிரஸ் நூலகமும் யு.சி.எல்.ஏ. திரைப்படக் காப்பகமும் அவற்றைச் சுருள்களோடு மீண்டும் சேர்த்தன.

சேர்க்கும் வேலை பெரும்பாலும் எண்ணிக்கைதான். லேபிளில் உள்ள ரீல் எண்ணைச் சுருளோடு ஒப்பிட வேண்டும். தட்டைக் கழுவி, அதன் வரிப்பள்ளத்துக்கு ஏற்ற அகல ஊசியால் வாசித்து, நீளத்தை நொடியில் அளக்க வேண்டும். சுருளின் அடியை 1.5-ஆல் வகுத்தால் நொடி வரும். சுருள் குறைந்திருந்தால் எங்கே அறுந்து ஒட்டப்பட்டது என்று தேட வேண்டும். ஒவ்வொரு ஒட்டுக்கும் முன்னும் பின்னும் ஒரு கூர்மையான அடியைப் பிடித்துக்கொள்வார்கள். சிம்பலோ, காலணியின் தட்டலோ, தலைவர் கோலால் மேசையைத் தட்டுவதோ எதுவானாலும் சரி. படத்தில் குச்சி இறங்கும் பிரேமும் ஒலியில் அந்த அடியும் நேராக வரும்வரை கறுப்புப் பிரேம்களை ஒவ்வொன்றாகச் சேர்ப்பார்கள். 1927-ல் ஏதோ ஒரு ஊரில் ஓர் ஆபரேட்டர் எண்ணாமல் வெட்டிய அதே பிரேம்கள்.